ராஜியாகிவிட்டோம் என்று அப்பீலை வாபஸ் வாங்கப் போகிறீர்களா?

எங்கள் மாமாவுக்கு நடந்ததைச் சொல்கிறேன். உச்சிப்புளி பக்கம் தென்னந்தோப்பு; அதில் 20 சென்ட் தனக்கு என்று பங்காளி போட்ட வழக்கில் முன்சீப் கோர்ட் பங்காளிக்கே டிகிரி (தீர்ப்பை அமல்படுத்தும் ஆணை) கொடுத்தது, மாமா அப்பீல் போனார், நடுவில் ஊர்ப் பெரியவர்கள் உட்கார்ந்து பேசி, மாமா பணம் கொடுக்க வேண்டியது, நிலம் அவரிடமே இருக்க வேண்டியது என்று முடித்துவைத்தார்கள். பணம் கைமாறியது. மறு வாய்தாவிலேயே மாமா வாபஸ் மெமோ போட்டுவிட்டார். சமரசம் பற்றி அதில் ஒரு வரி இல்லை.

தவறு அங்கேதான். அப்பீல் வாபஸ் ஆனால் கீழ்க்கோர்ட் டிகிரி அழிந்துவிடாது, அப்படியே நிலைத்துவிடும். அதை நிறைவேற்ற 12 வருஷம் அவகாசம் இருக்கிறது. பங்காளி இறந்தார், அவர் பிள்ளைகள் நிறைவேற்று மனு போட்டார்கள். மாமா கையில் இருந்ததோ ஊரில் எழுதிய வெள்ளைத் தாள். வெளியில் தீர்த்துக்கொண்டதைக் கோர்ட்டில் பதியாவிட்டால் நிறைவேற்றும் கோர்ட் அதைக் கணக்கில் எடுக்காது (சிவில் நடைமுறைச் சட்டம், ஆர்டர் 21, ரூல் 2). பதியச் சொல்லி மனுப் போட 30 நாள்தான் கெடு. அது எப்போதோ போய்விட்டது.

வாபஸ் மெமோவுக்குப் பதிலாக அவர் போட்டிருக்க வேண்டியது சமரச மெமோ. அதே சட்டத்தின் ஆர்டர் 23, ரூல் 3 இதற்காகவே இருக்கிறது. யாருக்கு எவ்வளவு, எந்த சர்வே எண், எந்த எல்லை, எந்தத் தேதிக்குள் என்று எழுதி, இரு தரப்பும் கையெழுத்துப் போட்டு, அதன்படியே டிகிரி கேட்க வேண்டும். அப்போது பழைய டிகிரியின் இடத்தில் இது வந்து நிற்கும். வக்கீல் கையெழுத்துப் போட்டால் போதாதா என்பார்கள்; நீங்களே நேரில் போய்ப் போடுங்கள், நாளைக்கு யாரும் மறுக்க முடியாது.

கீழக்கரை, பெரியபட்டினம் பக்கம் பாதிக் குடும்பம் வளைகுடாவில் இருக்கும்; அவர்களுக்காக இங்கே வேறொருவர் கையெழுத்துப் போடுவார். பவர் பத்திரத்தில் சமரசம் செய்துகொள்ளும் அதிகாரம் தெளிவாக இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பங்குதாரர்களில் மைனர் இருந்தால் கோர்ட் அனுமதி கட்டாயம், இல்லாவிட்டால் அந்தச் சமரசத்தைப் பிள்ளை செல்லாது என்று சொல்லலாம்.

அப்புறம், வழக்கில் இல்லாத வேறு இடத்தையும் சேர்த்து மாற்றிக்கொண்டால் அந்த டிகிரியைப் பதிவு செய்தே ஆக வேண்டும். எதிர்த்தரப்பு குறுக்கு ஆட்சேபணை (கீழ்க்கோர்ட் டிகிரியில் தனக்குப் பாதகமானதை எதிர்த்து உங்கள் அப்பீலிலேயே போடுவது) போட்டிருந்தால் உங்கள் அப்பீல் போனாலும் அது போகாது, அதையும் சேர்த்தே முடியுங்கள்.

கோர்ட் ஃபீஸைப் பலரும் கேட்பதே இல்லை, எனக்கு இதில் நிஜமாகவே வருத்தம். கோர்ட் சமரசத்துக்கு அனுப்பாமல் தாங்களாகவே வெளியில் பேசி முடித்தவர்களுக்கும் தமிழ்நாட்டுக் கோர்ட் ஃபீஸ் சட்டத்தின் 69ஏ பிரிவில் அதைத் திருப்பித் தரலாம் என்று சுப்ரீம் கோர்ட் 2021 பிப்ரவரியில் சொன்னது, அதுவும் சென்னை ஹைகோர்ட்டில் வாபஸான ஓர் அப்பீல் விஷயத்தில்தான். மெமோவிலேயே கேட்டுவிடுங்கள்.

டிகிரி ஆனதும் நகல் மனு போட்டு, சான்றிட்ட நகலை வாங்கி வீட்டில் வையுங்கள்.