3ஏ அறிவிக்கை வந்தால் 21 நாளுக்குள் என்ன செய்வது?

ஊர்ப்பக்கம் தேசிய நெடுஞ்சாலைக்கு நிலம் எடுக்கிறார்கள் என்ற பேச்சு கிளம்பியதும் எல்லோரும் முதலில் விசாரிப்பது சென்ட்டுக்கு எவ்வளவு தருவார்கள் என்றுதான். அது பிறகு வரும் கட்டம். அதற்கு முன்னாலேயே 'என் நிலம் ஏன் வேண்டாம்' என்று சொல்ல உங்களுக்கு உரிமை இருக்கிறது: தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம் 1956, பிரிவு 3சி. ஆனால் 3ஏ அறிவிக்கை, அதாவது நிலத்தை எடுக்க உத்தேசம் என்று அரசு சொல்லும் முதல் அறிவிக்கை, வெளியானதிலிருந்து 21 நாள்தான் அதற்குக் கெடு. (மாநில நெடுஞ்சாலை என்றால் 2001ஆம் ஆண்டின் தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டம், அதன் நடைமுறை வேறு.)

1. அறிவிக்கையைத் தேடிப் பிடியுங்கள்

3ஏ அறிவிக்கை அரசிதழில் வரும், அதன் சாரம் இரண்டு நாளிதழ்களில் வரும், அதில் ஒன்று உள்ளூர் மொழியில் இருக்கும். வீட்டுக்குத் தபால் வரட்டும் என்று உட்கார்ந்திருந்தால் நாள் போய்விடும். அரசிதழ் தேதி, நாளிதழ் தேதி இரண்டில் எது முந்தியதோ அதிலிருந்து எண்ணுவதுதான் பாதுகாப்பு.

அட்டவணையில் சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, நிலவகை எல்லாவற்றையும் உங்கள் பட்டா, புலப்படத்தோடு (நிலத்தின் எல்லையும் அளவும் காட்டும் சர்வே வரைபடம்) ஒப்பிடுங்கள். ஒரு சென்ட் என்பது 40.47 சதுர மீட்டர். 1,400 சதுர மீட்டர் என்று போட்டிருந்தால் கிட்டத்தட்ட முப்பத்துநாலரை சென்ட். பட்டா இன்னும் தாத்தா பெயரில் இருக்கிறதா? பரவாயில்லை, நிலத்தில் உரிமை உள்ள எவரும் ஆட்சேபிக்கலாம் என்றுதான் சட்டம் சொல்கிறது, வாரிசுச் சான்றிதழ் நகலை இணைத்துவிடுங்கள்.

2. கடிதம் எழுதுங்கள்

இங்கேதான் பெரும்பாலோர் சறுக்குகிறார்கள். 'நாங்கள் ஏழைகள், நிலம் தர மாட்டோம்' என்று எழுதினால் ஒரே வரியில் நிராகரித்துவிடலாம். 'விலை போதாது' என்பதும் இந்தக் கட்டத்தில் எடுபடாது, ஏனென்றால் 3சி ஆட்சேபம் நிலத்தைச் சாலைக்குப் பயன்படுத்துவதைப் பற்றியது. அதிகாரி பதில் சொல்லியே தீர வேண்டிய மாதிரி எழுத வேண்டும். உதாரணத்துக்கு:

"சர்வே எண் 112/2இல் 1,400 ச.மீ. எடுக்க உத்தேசிக்கப்பட்டுள்ளது. இதற்குள் உள்ள கிணறுதான் மீதமுள்ள 2 ஏக்கருக்கும் ஒரே பாசன ஆதாரம். அறிவிக்கையில் தரிசு எனக் குறிக்கப்பட்டிருப்பது தவறு. அடங்கல் நகல் இணைப்பு 1. சாலையின் எதிர்ப்புறம் அரசுப் புறம்போக்கு உள்ளது. புலப்பட நகல் இணைப்பு 2. என்னை நேரில் விசாரித்த பின்னரே உத்தரவிடக் கோருகிறேன்."

(அடங்கல் என்பது நிலத்தில் என்ன பயிர் என்று காட்டும் கிராமக் கணக்கு.) அந்தக் கடைசி வரியை விட்டுவிடாதீர்கள்.

3. கொடுத்ததற்கு அத்தாட்சி வாங்குங்கள்

அறிவிக்கையில் சொல்லியிருக்கும் தகுதியுள்ள அதிகாரிக்குத்தான் கடிதம் போக வேண்டும். தமிழ்நாட்டில் பெரும்பாலும் நில எடுப்புக்கான மாவட்ட வருவாய் அலுவலர் (டிஆர்ஓ). நேரில் கொடுத்தால் நகலில் தேதியோடு முத்திரை வாங்குங்கள், தபாலில் என்றால் ஒப்புகையோடு அனுப்புங்கள். விஏஓவிடம் வாயால் சொன்னதெல்லாம் கணக்கில் வராது. சுற்றுச்சூழல் அனுமதிக்காக நடக்கும் கருத்துக்கேட்புக் கூட்டத்தில் மைக் பிடித்துப் பேசியதும் அப்படித்தான், அது வேறு சட்டம், வேறு கோப்பு.

4. விசாரணைக்குப் போங்கள்

நீங்களே போகலாம், வழக்கறிஞரையும் அனுப்பலாம். மூலப் பத்திரங்களைக் காட்டுங்கள், கொடுப்பதென்றால் நகல் மட்டும். வருகைப் பதிவில் கையெழுத்துப் போடச் சொன்னால் அந்தத் தாளில் 'சம்மதம்' என்ற சொல் எங்காவது இருக்கிறதா என்று படித்துவிட்டுப் போடுங்கள். பேசியதைச் சுருக்கமாக ஒரு தாளில் எழுதி அதையும் கொடுத்து முத்திரை வாங்கிவிட்டால் நல்லது.

5. உத்தரவைக் கேட்டு வாங்குங்கள்

ஆட்சேபத்தை ஏற்றோ தள்ளியோ அதிகாரி உத்தரவு போட வேண்டும். அந்த உத்தரவே இறுதியானது, மேல்முறையீடு இல்லை. விசாரிக்காமலோ காரணம் சொல்லாமலோ தள்ளியிருந்தால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான் வழி, அதையும் 3டி, அதாவது நிலம் எடுக்கப்படுகிறது என்ற அறிவிக்கை, வருவதற்குள் போடுவது நல்லது. 3டி வெளியானதும் நிலம் மத்திய அரசுக்குப் போய்விடும். 3ஏ வந்து ஓராண்டுக்குள் 3டி வராவிட்டால் அந்த 3ஏ செல்லாது (நீதிமன்றத் தடை இருந்த காலம் கணக்கில் சேராது).

அதுவரை நிலம் உங்களுடையதுதான், சர்வேயர் கல் நட்டுவிட்டுப் போனாலும் சரி. சென்னை–சேலம் எட்டு வழிச்சாலை வழக்கில் நிலம் எடுக்கும் முன்பே வருவாய்ப் பதிவேட்டில் பெயரை மாற்றியது தவறு என்று 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றமே சொன்னது, ஆகவே இடையில் பட்டாவை ஒருமுறை இணையத்தில் எடுத்துப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அப்புறம் 3ஜி அறிவிப்பு வரும், விலைப் பேச்சு அங்கேதான். ஆட்சேபத்துக்காக எடுத்த கிணற்றுப் படமும் அடங்கல் நகலும் அந்த விசாரணைக்கும் வேண்டும், கோப்பைப் பரணில் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.