கடலில்லாத பொலிவியாவுக்குக் கடற்படை எதற்கு? வரைபடத்தை வைத்து ஒரு நாட்டைப் படிக்கும் முறை

பொது அறிவுக்காக உலக நாடுகளைப் படிக்கத் தொடங்குபவர்கள் பெரும்பாலும் நாடு, தலைநகரம், நாணயம் என்ற பட்டியலைத்தான் முதலில் கையில் எடுக்கிறார்கள். பொலிவியா, சுக்ரே, பொலிவியானோ. பத்து நாள் கழித்துக் கேட்டால் பாதி மறந்திருக்கும். இந்த மூன்று சொற்களையும் ஒன்றோடொன்று இணைக்கும் காரணம் எதுவும் அந்தப் பட்டியலில் இல்லையே, எப்படி நினைவில் நிற்கும்?

ஒரு நாட்டின் வரலாற்றையும் புவியியலையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். பொலிவியாவை வைத்தே அதைச் செய்து பார்ப்போம். ஒரு பள்ளி அட்லஸ், வெள்ளைத்தாள், பென்சில் போதும். செல்போனில் கூகுள் எர்த் இருந்தால் இன்னும் நல்லது.

படி 1: இயற்கை அமைப்பு வரைபடத்தில் தொடங்குங்கள்

நாடுகளுக்கு வண்ணம் தீட்டிய அரசியல் வரைபடத்தை இப்போதைக்கு மூடி வையுங்கள். தென் அமெரிக்காவின் மலைகளும் ஆறுகளும் உள்ள பக்கத்தைத் திறந்தால், மேற்கு விளிம்பு நெடுக ஆண்டிஸ் மலைத்தொடர் தெரியும். பொலிவியா வரும் இடத்தில் அது இரண்டாகப் பிரிந்து அகல்கிறது. நடுவில் கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 3,700 மீட்டர் உயரத்தில் ஒரு பரந்த பீடபூமி, அல்டிப்ளானோ. அதன் வடக்கே, 3,812 மீட்டர் உயரத்தில், பெருவும் பொலிவியாவும் பங்கிட்டுக்கொள்ளும் டிட்டிகாகா ஏரி. கிழக்கே இறங்கினால் அமேசான் பக்கத்துத் தாழ்நிலம்.

உயர்ந்த மேற்கு, தாழ்ந்த கிழக்கு. முதல் நாளுக்கு இது போதும்.

படி 2: விசித்திரமாகத் தெரியும் ஒன்றைப் பிடியுங்கள்

இப்போது அரசியல் வரைபடம். பிரேசில், பராகுவே, அர்ஜென்டினா, சிலி, பெரு என்று ஐந்து நாடுகள் பொலிவியாவைச் சூழ்ந்திருக்கின்றன. கடல் எந்தப் பக்கமும் இல்லை. ஆனால் அந்த நாட்டுக்குக் கடற்படை உண்டு. டிட்டிகாகா ஏரியின் டிகினா நீரிணையில் அதற்கு ஒரு தளமே இருக்கிறது. ஆண்டுதோறும் மார்ச் 23 அன்று பொலிவியாவில் ‘கடல் நாள்’ கொண்டாடுகிறார்கள்.

ஏன் என்று தாளின் மேலே எழுதுங்கள். இனி படிப்பதெல்லாம் இந்தக் கேள்விக்கான பதிலாகவே வந்து சேரும்.

படி 3: மண்ணையும் மழையையும் பாருங்கள்

தொடங்குபவர்கள் அவசரமாகத் தாண்டிப் போகும் இடம் இது. தயவுசெய்து இங்கே நின்று படியுங்கள்.

பொலிவியாவின் தென்மேற்கே, பசிபிக் கரையோரம் அட்டகாமா பாலைவனம் இருக்கிறது. உலகின் மிக வறண்ட இடங்களில் ஒன்று. கடல் பக்கத்திலேயே பாலைவனமா என்று தோன்றலாம். தெற்கிலிருந்து வரும் குளிர்ந்த ஹம்போல்ட் நீரோட்டம் கரையோரக் காற்றைக் குளிரவைத்துவிடுகிறது; காற்று மேலெழும்பாததால் மழைமேகம் உருவாவதில்லை. கிழக்கே அமேசானிலிருந்து வரும் ஈரக்காற்றை ஆண்டிஸ் தடுத்துவிடுகிறது. இரண்டு பக்கமும் வழி அடைபட்டுவிட்டது.

சோடியம் நைட்ரேட் நீரில் எளிதாகக் கரையும் உப்பு. மழை பெய்யும் ஊரில் அது மண்ணோடு கரைந்து போய்விடும். மழையே இல்லாத அட்டகாமாவில் மட்டும் நீண்ட நெடுங்காலமாக அப்படியே படிந்து கிடந்தது. 19ஆம் நூற்றாண்டில் ஐரோப்பிய வயல்களுக்கு உரமாகவும், வெடிமருந்துக்கு மூலப்பொருளாகவும் அதற்குப் பெரும் கிராக்கி. யாரும் சீந்தாத பாலைநிலம் திடீரென்று விலைமதிப்புள்ளதானது. அந்தக் கரையோரத்தின் ஒரு பகுதி, அந்தோஃபகஸ்தா துறைமுகம் உட்பட, அப்போது பொலிவியாவுக்குச் சொந்தம்.

படி 4: ஐந்தாறு ஆண்டுகளை மட்டும் எழுதுங்கள்

ஒவ்வொரு ஆண்டுக்குப் பக்கத்திலும் அது ஏன் நடந்தது என்று ஒரு வரி இருக்க வேண்டும்.

1825: ஸ்பெயினிடமிருந்து விடுதலை. சிமோன் பொலிவாரின் பெயரே நாட்டுக்கு.

1874: சிலி நிறுவனங்களுக்கு 25 ஆண்டுகள் வரியை உயர்த்துவதில்லை என்று சிலியுடன் ஒப்பந்தம்.

1878: ஏற்றுமதியாகும் நைட்ரேட்டில் குவிண்டாலுக்கு 10 சென்ட் வரி விதித்தது பொலிவியா. சிலி நிறுவனம் கட்ட மறுத்தது.

1879: நிறுவனத்தின் சொத்தை ஏலம் விடக் குறித்திருந்த பிப்ரவரி 14 அன்று சிலிப் படை அந்தோஃபகஸ்தாவில் இறங்கியது. பொலிவியாவுடன் ரகசிய உடன்படிக்கை வைத்திருந்த பெருவும் போருக்குள் வந்தது. மார்ச் 23 அன்று கலாமா அருகே நடந்த சண்டையில் பொலிவியத் தரப்பில் போரிட்ட எதுவார்தோ அபரோவா உயிரிழந்தார். கடல் நாள் அவர் நினைவாகத்தான்.

1884: போர் நிறுத்தம்.

1904: கரையோரம் முழுவதும் சிலிக்கே என்று ஒப்பந்தம். பதிலுக்கு, சிலித் துறைமுகங்கள் வழியாகப் பொலிவியா சரக்கு அனுப்பலாம். அரிக்கா துறைமுகத்திலிருந்து லா பாஸுக்கு சிலி ரயில் பாதை போட்டுத் தரும். 1913இல் அந்தப் பாதை திறக்கப்பட்டது.

இப்போது படி 1இன் வரைபடத்துக்குத் திரும்புங்கள். பொலிவிய மக்களில் பெரும்பாலோர் மலைமேல் இருந்தார்கள். கடற்கரைக்கு வர ஆண்டிஸைத் தாண்டி, பாலைவனத்தையும் கடக்க வேண்டும். சிலியோ கப்பலில் நேராக வந்துவிடும். அந்தோஃபகஸ்தாவில் வசித்தவர்களிலும் சிலிக்காரர்களே அதிகம். போரின் முடிவில் பாதியை அந்த மலை எப்போதோ தீர்மானித்துவிட்டது என்றே எனக்குப் படுகிறது.

படி 5: இன்றுவரை கொண்டுவாருங்கள்

முதல் உலகப் போருக்குச் சற்று முன், ஜெர்மனியில் காற்றிலுள்ள நைட்ரஜனிலிருந்தே உரம் தயாரிக்கும் ஹேபர்–பாஷ் முறை தொழிற்சாலைக்கு வந்தது. இயற்கை நைட்ரேட்டின் மதிப்பு சரிந்தது. சிலியின் பாலைவனத்துச் சுரங்க ஊர்கள் பின்னர் ஆளில்லாமல் போயின. அவற்றில் ஹம்பர்ஸ்டோன் இன்று யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னம். ஆனாலும் சிலிக்கு நஷ்டமில்லை. அது கைப்பற்றிய நிலத்தில்தான் சூகிகமாதா தாமிரச் சுரங்கம் இருக்கிறது.

பொலிவியா விடவில்லை. கடல் வழி பற்றிச் சிலி பேச்சுக்கு வரவேண்டும் என்று பன்னாட்டு நீதிமன்றத்துக்குப் போனது. அப்படிச் சட்டப்படியான கடமை சிலிக்கு இல்லை என்று 2018 அக்டோபரில் தீர்ப்பு வந்தது.

படி 6: பட்டியலை இப்போது எடுங்கள்

தலைநகரம் சுக்ரேவா, லா பாஸா? தேர்வுகளில் பலரைக் குழப்பும் கேள்வி. அரசியலமைப்புப்படி சுக்ரே, அரசாங்கமும் நாடாளுமன்றமும் இருப்பது லா பாஸ். தெற்கின் வெள்ளிச் சுரங்கங்களோடு சேர்ந்து வளர்ந்த சுக்ரேயின் செல்வாக்கு, வெள்ளி விலை விழுந்ததும் குறைந்தது. வடக்கே இரும்புத் தகடுகளில் பூசப் பயன்படும் வெள்ளீயம் மேலெழ, 1899 உள்நாட்டுப் போருக்குப் பின் அதிகாரம் லா பாஸுக்குப் போனது. உச்ச நீதிமன்றம் மட்டும் சுக்ரேயில் தங்கிவிட்டது.

படி 7: பார்க்காமல் வரையுங்கள்

அட்லஸை மூடிவிட்டு எல்லையை, ஏரியை, இழந்த கரையோரத்தைத் தோராயமாக வரையுங்கள். கோடு கோணலாக வந்தால் பரவாயில்லை. அப்புறம் அந்தப் படத்தைக் காட்டி வீட்டில் யாருக்காவது முழுக் கதையையும் சொல்லுங்கள். எங்கே தடுமாறுகிறீர்களோ அந்தப் படியை மட்டும் திரும்பப் படித்தால் போதும்.

படி 8: அடுத்த நாடு

நமீபியாவை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் வடகிழக்கு மூலையிலிருந்து ஒரு நிலப்பட்டை விரல்போல நீண்டு போகும். அதன் முனை எந்த ஆற்றைத் தொடுகிறது, அந்த ஆறு எந்தக் கடலில் கலக்கிறது, 1890இல் அங்கே ஆண்டவர்கள் யார் என்று தேடுங்கள். பிறகு அதே ஆற்றின் போக்கில் கொஞ்ச தூரம் கீழே போய், படகு போக முடியுமா என்று பாருங்கள். விக்டோரியா அருவி அங்கேதான் இருக்கிறது.