பிளாங்க் குழாயே நீலமானபோது

செல்களை உடைத்து எடுத்த கரைசலில் புரதம் எவ்வளவு என்று பிராட்ஃபோர்ட் முறையில் பார்த்துக்கொண்டிருந்தேன். 1976-இல் வந்த முறை. கூமாசி சாயம் புரதத்தில் ஒட்டினால் பழுப்பு போய் நீலமாகும். 595 நானோமீட்டரில் அளந்தால் போதும். ஆனால் மாதிரியைப் பாதியாக நீர்த்தால் எண்ணும் பாதியாக வேண்டுமே, ஆகவில்லை.

புரதமே சேர்க்காத பிளாங்க் குழாய்களை வெள்ளைத் தாள்மேல் வைத்துப் பார்த்ததும் விஷயம் பிடிபட்டது. தண்ணீர் விட்டது பழுப்பாக இருக்க, செல்களை உடைத்த பஃபர் (அமிலத்தன்மை மாறாமல் காக்கும் கரைசல்) விட்டது நீலம் தட்டியிருந்தது. செல் சவ்வைக் கரைக்கச் சேர்த்த டிரைட்டான், எஸ்டிஎஸ் என்ற டிடர்ஜென்ட்டுகள் சாயத்தோடு விளையாடியிருக்கின்றன.

சரி, டிடர்ஜென்ட்டைத் தாங்கும் பிசிஏ முறைக்கு மாறலாம் என்றால் அங்கே வேறு வம்பு. காரக் கரைசலில் புரதம் தாமிர அயனிக்கு எலக்ட்ரான் கொடுத்து அதை ஒடுக்குவதுதான் அதன் அடிப்படை. பஃபரில் இருந்த டிடிடி என்ற ஒடுக்கும் பொருள், புரதம் இல்லாமலே அந்த வேலையைச் செய்துவிடும்! உலோக அயனிகளைப் பிடிக்கும் ஈடிடிஏ அதிகமானால் தாமிரத்தையே பிடித்துவைத்துக்கொள்ளும்.

அதனால் டிடிடி இல்லாத பஃபரில் செல்களை உடைத்து, பிசிஏவில் அளந்து, அப்புறம்தான் டிடிடி சேர்க்கிறேன். அளவுகோலுக்கான, அளவு தெரிந்த பிஎஸ்ஏ புரதத்தையும் தண்ணீரில் கரைக்காமல் அதே பஃபரில்தான் கரைக்கிறேன். என் கணக்கில் இதுதான் பாதி வைத்தியம். இப்போது பாதியாக நீர்த்தால் எண்ணும் பாதிக்குப் பக்கத்தில் வருகிறது.

ஏற்கெனவே டிடிடி கலந்த பழைய மாதிரிகளுக்கு நாலு பங்கு குளிர்ந்த அசிட்டோன் ஊற்றிப் புரதத்தை வீழ்படிவாக்கி, டிடிடி உள்ள திரவத்திலிருந்து பிரித்தேன். வீழ்படிவை ரொம்பக் காயவிடக் கூடாது, பிறகு கரையவே கரையாது.