வறண்ட மலை மாவட்டமொன்றின் வரைபடத்தைப் படிக்கும் முறை

வறண்ட நிலப்பகுதியிலுள்ள மலை மாவட்டமொன்றை அறிய முற்படுபவர், நிர்வாக எல்லைகளைச் சற்று ஒதுக்கிவிட்டு, முதலில் ஒரே உயரமுள்ள இடங்களை இணைக்கும் சமவுயரக் கோடுகளைப் பார்க்க வேண்டும். கோடுகள் நெருங்கியிருந்தால் சரிவு செங்குத்தானது. அவை மேட்டை நோக்கிக் கூர்மையாக வளைந்தால் அங்கே ஓடை உண்டு, ஆயினும் அது பெரும்பாலும் மழைக்குப் பின் மட்டுமே ஓடும். 1,000 மீட்டர் உயரத்திற்குச் சராசரியாக 6.5 டிகிரி செல்சியஸ் வெப்பம் குறைவதாலும், காற்று மோதும் சரிவில் மழை பெய்து மறுபுறம் மழை மறைவுப் பகுதியாகிவிடுவதாலும், குடியிருப்புகள் பெரும்பாலும் ஊற்றுகளையும் பள்ளத்தாக்கின் வண்டல் நிலங்களையும் ஒட்டியே அமைந்திருக்கும்.

அதன்பின் நிர்வாக உட்பிரிவுகளைப் பொருத்திப் பாருங்கள். தலைமையிடத்துக்கான தொலைவை நேர்க்கோட்டில் அளக்காமல், கணவாய்ச் சாலையின் பயண நேரமாகக் கணக்கிடுங்கள். மக்களடர்த்தியை மொத்தப் பரப்பால் மட்டும் மதிப்பிடுவது (பலரும் செய்யும் பிழை இது) ஏமாற்றும். பயிரிடத்தக்க நிலத்தால் வகுத்தால்தான் உண்மையான நெருக்கம் தெரியும்.