1950களின் பல்சுவை மேடைக் கலைஞர் ஒருவரின் கலைவாழ்வைத் தொகுப்பது எப்படி?

சென்னையில் தொலைக்காட்சி நிலையம் 1975இல்தான் தொடங்கியது என்பதால், அதற்கு முந்தைய செட்டிநாட்டுப் பல்சுவைக் கலைஞர்களைத் தேடுவோர் காட்சிப்பதிவை எதிர்பார்க்காமல் காகிதத்திலிருந்து தொடங்க வேண்டும். முதலில் திருமண வீட்டுக் கணக்கேடுகளைப் பாருங்கள். நகரத்தார் வீடுகளில் கல்யாணச் செலவை வரிவரியாக எழுதிவைக்கும் வழக்கம் இருந்ததால், நாதசுரக்காரருக்கும் கச்சேரிக்காரருக்கும் கொடுத்த தொகையோடு நகைச்சுவை நிகழ்ச்சி நடத்தியவரின் பெயரும் அங்கே அகப்படக்கூடும். ஏட்டைக் கேட்டு வாங்குவதைவிட, வீட்டு ஆச்சியின் அருகிலமர்ந்து அவர் படிக்கக் கேட்பதே நல்லது. எழுதாமல் விட்ட செய்திகள் அப்போதுதான் வெளிவரும்.

அடுத்து நாடக நோட்டீஸ்கள். கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் சேர்த்த நூல்களும் அச்சுத்தாள்களும் இன்று சென்னையில் அவர் பெயரிலுள்ள ஆராய்ச்சி நூலகத்தில் இருக்கின்றன. நோட்டீஸில் ஆங்கில ஆண்டு இல்லாமல் ‘விஜய வருடம், பங்குனி’ என்று மட்டும் இருந்தால், விஜய ஆண்டு 1953 ஏப்ரலில் பிறந்தது என்பதால் அந்தப் பங்குனி 1954ஆம் ஆண்டின் மார்ச், ஏப்ரலில் விழும். அவசரத்தில் 1953 என்று குறித்துவிட்டால் கலைஞரின் பயண வரிசையே குலைந்துவிடும். அறுபது ஆண்டுகளுக்கு ஒருமுறை அதே பெயர் திரும்புவதால், அச்சகத்தின் பெயரையும் நுழைவுக்கட்டணம் அணாவிலா நயாபைசாவிலா என்பதையும் சேர்த்துப் பாருங்கள். நயாபைசா 1957இல்தான் வந்தது.

வானொலியில் பாடியதாகக் குடும்பத்தார் சொன்னால், 1939இல் தொடங்கிய திருச்சி நிலையத்தின் நிகழ்ச்சி நிரல்களோடு ஒப்பிடுங்கள். ஒத்துப்போகாத தேதிகளை அழிக்காமல், சொன்னவர் இன்னாரென்ற குறிப்புடன் தனித்தாளில் வைத்திருங்கள்.