ஆதிசக்தியைப் படகுத்துறையில் வைத்துச் சோதிப்பது எப்படி

மிகுபுனைவு, அதாவது மந்திர சக்திகள் உள்ள கற்பனை உலகக் கதை (ஃபேன்டஸி) எழுத உட்காருகிற பலரும் முதலில் செய்வது, "ஆதியில் ஒன்றுமே இல்லை, அப்புறம் ஒரு ஒளி பிறந்தது" என்று நாலு பக்கம் எழுதுவதுதான். நான் பதினாலு பக்கம் எழுதினேன். படித்த நண்பன் ஒன்றே ஒன்று கேட்டான்: "சரி, அந்த ஊர் பால்காரருக்கு இதனால என்ன?" என்னிடம் பதில் இல்லை.

அதனால் அடுத்த தடவை மறுமுனையிலிருந்து தொடங்கினேன். உங்களுக்கும் அதையே சொல்வேன். தினம் வாயில் புழங்குகிற ஒரு பேச்சை எடுத்துக்கொண்டு, உங்கள் கதை உலகத்தில் அது அப்படியே நடக்கிறது என்று வைத்துவிடுங்கள். வாக்குக் கொடுத்தால் மனசு பாரமாக இருக்கிறது என்போமே, என் உலகத்தில் உடம்பே பாரமாகிவிடும். வாக்கை நிறைவேற்றினால் பாரம் இறங்கும். அந்த உலகத்தின் ஆதிசக்தி, அதாவது அடிப்படை விதி, இதுதான், கடவுள்களுக்கும் விலக்கு கிடையாது.

அந்தச் சக்திக்குப் பெயர் வைக்கும்போது "மகா பிரபஞ்ச சக்தி" மாதிரி நீட்டாதீர்கள், அதை யாரும் சந்தையில் நின்று சொல்ல மாட்டார்கள். நான் "பொறை" என்று வைத்தேன். சுமைக்கும் பொறுமைக்கும் பொதுவான பழைய சொல், இரண்டுமே கதைக்கு வேண்டியிருந்தது.

அடுத்தது அளவு. எவ்வளவு, யாருக்கு, எப்போது தீரும் என்பதைக் கதைக்குள் சொல்லாவிட்டாலும் உங்கள் நோட்டில் இருக்க வேண்டும். "நாளைக்குத் தர்றேன்" என்றால் ஒரு பிடி அரிசி எடை. கல்யாணத்தில் கொடுக்கும் வாக்கு ஒரு குடம் தண்ணீர். நாட்டைக் காப்பேன் என்று சத்தியம் செய்த ராஜாவால் நடக்கவே முடியாது, பல்லக்கு அங்கே அவசியம், ஆடம்பரம் இல்லை. நிறைவேற்றாமல் செத்துப்போனால் அந்த எடை எங்கே போகும்? இந்தக் கேள்வியில் மட்டும் ரொம்ப நாள் மாட்டிக்கொண்டேன். கடைசியில், பாடை தூக்குகிறவர்களுக்குப் போகும் என்று முடிவு செய்தேன். உடனே ஊரில் பாடை தூக்க ஆள் கிடைக்காத பெரிய மனிதர்கள் வரிசையாக வந்துவிட்டார்கள், பாதி கதை அங்கேயே கிடைத்தது.

இப்போது படகுத்துறை. ஒரு பாட்டி இரண்டு மூட்டைப் புளியோடு ஏறுகிறாள், படகு லேசாக ஆடுகிறது. அவளுக்குப் பின்னால் எலும்பும் தோலுமாக, கையில் ஒரு பை கூட இல்லாமல் ஒருவர் காலை வைக்கிறார், தண்ணீர் விளிம்பு வரை ஏறிவிடுகிறது. படகுக்காரர் துடுப்பைக் கீழே வைத்துவிட்டு, "யார்கிட்ட என்னண்ணே சொல்லிட்டு வந்தீங்க?" என்று கேட்கிறார். சக்தி என்ன என்று வாசகருக்குப் புரிந்துவிட்டது, நீங்கள் ஒரு வரி கூட விளக்கவில்லை. இப்படி ஒரு காட்சி உங்கள் சக்திக்கு அமையவில்லை என்றால் விதியை மாற்றுங்கள், வர்ணனையைக் கூட்டாதீர்கள்.

அப்புறம் உங்கள் விதியை நீங்களே ஏமாற்றப் பாருங்கள், எப்படியும் வாசகர் பார்ப்பார். வாயைத் திறக்காமல் தலையாட்டினால்? "பார்க்கலாம்" என்று மழுப்பினால்? (நம் ஊரில் இதற்கு நிபுணர்கள் உண்டு.) இந்த ஓட்டைகளை ஒவ்வொன்றாக அடைத்துக்கொண்டே போனால் சட்டப் புத்தகம் மாதிரி ஆகிவிடும், ஒரே விதியில் பல ஓட்டைகள் அடைபட வேண்டும். என் விதி: கேட்பவர் நம்பினால்தான் எடை ஏறும். அதனால் ஊரறிந்த புளுகர் காற்று மாதிரி நடந்து திரிவார். ஆனால் திருவிழாவில் பொம்மை கேட்ட மகளிடம் "பார்க்கலாம்மா" என்று சொன்ன அப்பாவின் செருப்பு சேற்றில் ஒரு விரற்கடை இறங்கும், ஏனென்றால் அவள் நம்பிவிட்டாள்.

இன்னொன்று, விதி உங்களுக்குத்தான் தெரிய வேண்டும், பாத்திரங்களுக்கு அரைகுறையாகத் தெரிந்தால் போதும். வீடியோ கேம்களில் மந்திரம் போடப் போடக் குறைகிற கோடாக நாம் பார்க்கிற "மானா", உண்மையில் பசிபிக் தீவுகளின் சொல். அங்கே மெலனீசியாவில் மிஷனரியாக இருந்த ராபர்ட் காட்ரிங்டன் 1891-இல் வெளியிட்ட நூலில் ஒரு வழக்கத்தை எழுதுகிறார்: வித்தியாசமான வடிவத்தில் ஒரு கல் கிடைத்தால் அதைத் தோட்டத்தில் புதைத்துப் பார்ப்பார்கள், விளைச்சல் அமோகமாக வந்தால் கல்லில் மானா இருக்கிறது. எத்தனை அலகு என்றெல்லாம் யாரும் கணக்குப் போடவில்லை, தோட்டம்தான் சாட்சி. நம் பாத்திரங்களும் அப்படி இருக்கலாம். என் மலைக்கிராமத்தில் பொறை முன்னோர் தரும் தண்டனை என்கிறார்கள், துறைமுகத்தில் அதை வரம் என்கிறார்கள், இரண்டு பேரும் கல்யாணம் பேச உட்கார்ந்தால் சண்டைதான்.

அந்தப் பதினாலு பக்கத்தை நான் கிழித்துப் போடவில்லை. நாவலில் அதிலிருந்து ஒரே ஒரு வரி வருகிறது, அதையும் படகுக்காரர் தப்பாகத்தான் பாடுகிறார்.