ராய் வார்டு பேக்கரின் திரைவாழ்வைப் பயில்வது எப்படி

1916இல் லண்டனில் பிறந்து 2010இல் மறைந்த இயக்குநர் ராய் வார்டு பேக்கரின் படப்பட்டியலை மட்டும் படிப்பவர்கள், டைட்டானிக் கப்பலைப் படமாக்கிய பெரிய கலைஞர் தொலைக்காட்சிக்கு இறங்கி, கடைசியில் பேய்ப்படங்களில் வந்து நின்றார் என்று முடிவுகட்டிவிடுகிறார்கள். அது தவறான முடிவு. வெளியேற வழியில்லாத இடத்தில் சிக்கிய மனிதர்களைக் காட்டுவதே அவருடைய தனித்திறன்; அந்தத் திறன் கடைசிவரை அவரை விட்டுப் போகவில்லை. அதைக் கண்கூடாகக் காணப் பின்வரும் வரிசையில் பாருங்கள்.

முதலில் பெயரைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். 1967 வரை அவர் பெயர் திரையில் ‘ராய் பேக்கர்’ என்றே வந்தது. அதே பெயரில் ஓர் ஒலித்தொகுப்பாளரும் இருந்ததால், பின்னர் ‘வார்டு’ என்பதைச் சேர்த்துக்கொண்டார். படங்களைத் தேடும்போது இரண்டு பெயர்களிலும் தேடுங்கள். ஒலித்தொகுப்பாளரின் பணிகளை இவர் கணக்கில் எழுதிவிடாதீர்கள்.

அடுத்து, டைட்டானிக் மூழ்கியதைச் சொல்லும், 1958இல் வெளிவந்த ‘எ நைட் டு ரிமெம்பர்’ படத்தை இரண்டு முறை பாருங்கள். முதல் முறை கதைக்காக. இரண்டாம் முறை, ஒவ்வொரு காட்சியும் கப்பலின் எந்தப் பகுதியில் நடக்கிறது, தளம் எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்று குறித்துக்கொண்டே வாருங்கள். கென்னத் மோர் நடித்த அதிகாரி லைட்டோலர் முக்கியப் பாத்திரம் என்றாலும், கொதிகலன் அறை, கம்பியில்லாத் தந்தி அறை, மூன்றாம் வகுப்புப் பயணிகளின் தளம், அருகிலிருந்தும் உதவிக்கு வராத கலிபோர்னியன் கப்பல் என்று படம் ஓயாமல் இடம் மாறுவதை அந்தக் குறிப்பேடு காட்டிக்கொடுக்கும். கப்பல் உடையாமல் முழுதாக மூழ்குவதைப் பிழையென்று எழுத வேண்டாம். அது இரண்டாக உடைந்தது என்பது 1985இல் சிதைவு கண்டுபிடிக்கப்பட்ட பிறகே உறுதியானது.

அதன்பின் அவர் தொடங்கிய இடத்துக்குத் திரும்புங்கள். 1934இல் கெய்ன்ஸ்பரோ படப்பிடிப்புத் தளத்தில் கடைநிலை உதவியாளராகச் சேர்ந்த பேக்கர், ஹிட்ச்காக்கின் ரயில் கதையான ‘தி லேடி வானிஷஸ்’ படத்தில் உதவி இயக்குநராக இருந்தார். போர்க்காலத்தில் ராணுவத் திரைப்படப் பிரிவில் எழுத்தாளர் எரிக் ஆம்ப்ளரிடம் பணியாற்றியதால் கிடைத்ததே 1947இன் ‘தி அக்டோபர் மேன்’ என்னும் முதல் படவாய்ப்பு. டைட்டானிக் படத்தின் திரைக்கதையும் ஆம்ப்ளருடையதுதான். ஆகவே இயக்குநரைப் பயில்பவர் எழுத்தாளரின் பெயரையும் தொடர வேண்டும். பிறகு மனிதர்கள் எங்கே சிக்குகிறார்கள் என்று கவனியுங்கள்: 1950இன் ‘மார்னிங் டிபார்ச்சர்’ படத்தில் மூழ்கிய நீர்மூழ்கிக் கப்பல். 1952இல் ஹாலிவுட்டில் எடுத்த, மர்லின் மன்றோ நடித்த ‘டோண்ட் பாதர் டு நாக்’ படத்தில் ஒரு விடுதி அறை.

தொலைக்காட்சியில் ‘தி செயின்ட்’, ‘தி அவெஞ்சர்ஸ்’ (மார்வெல் நாயகர்களுக்கும் இதற்கும் தொடர்பில்லை) தொடர்களில் இரண்டிரண்டு பகுதிகள் போதும். ஒவ்வொரு பகுதிக்கும் இயக்குநர் மாறுவார் என்பதால், அவர் பெயர் வருவதை உறுதிசெய்துகொண்டு பாருங்கள்.

கடைசியாக 1967இன் ‘க்வாட்டர்மாஸ் அண்ட் த பிட்’. பிபிசியில் ஆறு பகுதிகளாக வந்த, எழுத்தாளர் நைஜல் நீலின் தொடரை ஏறத்தாழ ஒன்றரை மணி நேரத்துக்குச் சுருக்கிய படம் இது. லண்டன் சுரங்க ரயில் நிலையத்தில் தோண்டும்போது வெளிப்படும் விண்கலத்தைச் சுற்றி ஆட்கள் நெருக்கியடித்து நிற்கும் காட்சிகளை, ‘மார்னிங் டிபார்ச்சர்’ நீர்மூழ்கிக் காட்சிகளோடு ஒரே நாளில் அடுத்தடுத்துப் பாருங்கள்.